பறங்கியை விரட்டிய பீரிஸ்

சிங்கள சினிமாவின் பிறப்புச் சாட்சிப் பத்திரத்தில் பிறந்த இடம் மதுரை. 1947 ஜனவரியில் கொழும்பில் திரையேறிய முதல் சிங்களப் பேசும்படம் ‘கடவுனு பொரொந்துவ’. அதைப் படம்பிடித்தது மதுரைச் சித்ரகலா மூவிடோனில். பணம் போட்டவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். இயக்கியவர் ஜோதிஷ் சிங் என்ற வங்காளி. கதாநாயகி ருக்மணி தேவி. சிங்களத் திரையின் குயில் என்று தென்னிலங்கை தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடிய அந்த அம்மாவுக்குத் தாய் தகப்பன் வைத்த பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ். கொழும்புச் செட்டிக் குடும்பம்.

கொழும்புக் கொட்டாஞ்சேனைக்காரருக்கு இதெல்லாம் ஒரு செய்தியே அல்ல. அங்கே பெர்னாண்டோ என்று பெயர் கொண்டவர் வீட்டில் தமிழ் கதைப்பார், சந்தையில் சிங்களத்தில் பேரம் பேசுவார், புனித லூசியாள் பேராலயத்தில் பூசை கண்டுவிட்டு, பொன்னம்பலவாணேசர் கோயில் பிரசாதத்தையும் வேண்டாம் என்று சொல்லமாட்டார். “நீங்கள் என்ன ஆட்கள்?” என்று கேட்டால், “எந்த விஷயத்துக்குக் கேட்கிறீர்?” என்பார்.

இலங்கையின் தேசிய வரலாற்றைத் திரையில் எழுத வந்தவரும் இந்தக் கொட்டாஞ்சேனைக் கணக்கிலேயே வந்து பிறந்தார்.

லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், பிறப்பு 1919, தெஹிவளை. தகப்பன் டொக்டர். வீட்டில் மதம் கத்தோலிக்கம், மொழி ஆங்கிலம். படித்தது பம்பலப்பிட்டி புனித பேதுரு கல்லூரியில். பிறந்த ஊருக்கும் படித்த பள்ளிக்கும் நடுவில் கிடப்பது எங்கள் வெள்ளவத்தை. தெஹிவளையிலிருந்து அந்தப் பள்ளிக்குப் போகிறவர் எங்களைத் தாண்டாமல் போக வழியில்லை, கடலில் நீந்தினாலொழிய.

1947இல் லண்டன் போனார். பத்திரிகைக்கு எழுதிக்கொண்டே குறும்படம் எடுத்துப் பரிசும் வாங்கினார். பிறகு கொழும்புக்குத் திரும்பி அரசாங்கத் திரைப்படப் பிரிவில் சேர்ந்தார். நுளம்பு கடித்தால் மலேரியா வரும், வீதியைப் பார்த்துக் கடக்க வேண்டும் என்று அரசாங்கம் குடிமக்களுக்குச் சொல்ல விரும்பிய புத்திமதிகளைப் படமாக்கினார். அதுவும் சலித்தது. கமராக்காரர் வில்லியம் பிளேக்கும் படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்தையும் அவருமாக மூன்று பேர் சேர்ந்து வேலையை விட்டார்கள். மூன்று அரசாங்க உத்தியோகம்! பென்சனுடன்! யாழ்ப்பாணத்தில் என்றால் மூன்று வீட்டிலும் பறை மேளம் பிடித்திருப்பார்கள்.

அப்போது வந்தது 1956. அந்த வருடம் நாட்டுக்கு இரண்டு சாமான்கள் கிடைத்தன. நடுவில் தனிச் சிங்களச் சட்டம், டிசம்பர் கடைசியில் ‘ரேகாவ’. சட்டத்தைக் கொண்டுவந்த பண்டாரநாயக்கா ஒக்ஸ்போர்டில் ஆங்கிலப் பேச்சால் பெயரெடுத்தவர். படத்தைக் கொண்டுவந்தவரின் தாலாட்டும் ஆங்கிலம். சிங்களம் மட்டும் என்றவரும், சிங்களக் கிராமம் இப்படித்தான் இருக்கும் என்று காட்டியவரும் வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்தினால் பேசுவது ஒரே மொழி. அது சிங்களமல்ல.

‘ரேகாவ’வின் சண்டை மதராஸுடன். அதுவரை வந்த சிங்களப் படங்களில் பெரும்பாலானவை தென்னிந்தியக் கலையகங்களில், தென்னிந்திய வாய்ப்பாட்டில் வெந்தவை. நாலு பாட்டு, இரண்டு சண்டை, ஒரு கோமாளி, கடைசியில் அழுகை. தென்னந்தோப்பைக் காட்ட, உலகத்தின் அருமையான தென்னந்தோப்புகளை விட்டுவிட்டுக் கடல் தாண்டிப்போய், திரைச்சீலையில் வரைந்த தென்னைக்கு முன்னால் நின்று காதலித்தார்கள். லெஸ்டர் கமராவைத் தூக்கிக்கொண்டு வெளியே நடந்தார். உண்மையான வயல், உண்மையான வெயில், உண்மையான பிள்ளைகள். ஊருக்குள் பொய்க்கால் கட்டிக்கொண்டு ஒரு நாடோடி வருகிறான். அவன் பெயர் மிகேல். தூய கிராமத்துக்குள் முதல் ஆளாக நுழைகிறவனுக்கே பறங்கிப் பெயர்.

1957இல் படம் கான் விழாப் போட்டிக்குப் போனது. அதே போட்டியில் போலந்திலிருந்து ஆந்த்ரே வாய்தா என்ற இளைஞர் ‘கனால்’ படத்தோடு நின்றார். 1944இல் வார்சோ எழுச்சி தோற்றபோது போராளிகள் கழிவுநீர்ச் சுரங்கத்துக்குள் இறங்கித் தப்பப் பார்த்த கதை. நகரத்து வாய்க்கால் என்றால் என்ன மணம் வரும் என்று வெள்ளவத்தைக்காரருக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. பெரிய பரிசு ஹொலிவுட்டுக்குப் போனது. நடுவர் குழுவின் சிறப்புப் பரிசை வாய்தாவும் சுவீடனின் பெர்க்மனும் பங்குபோட்டார்கள். லெஸ்டருக்குக் கிடைத்தது நல்ல பெயர்.

நல்ல பெயரோடு கொழும்புக்கு வந்தால் படமாளிகையில் ஆளில்லை. கலரியில் குந்தியிருந்தவன் கேட்டது நியாயமான கேள்வி: “வயலை நான் தினமும் சும்மா பார்க்கிறேன். அதைப் பார்க்க ஏன் காசு?”

இந்த இடத்தில்தான் எங்கள் ஆட்கள் கதைக்குள் வருகிறார்கள். கையில் காசோலைப் புத்தகத்தோடு.

கே. குணரத்தினம் யாழ்ப்பாணத் தமிழர், சினிமாஸ் லிமிட்டெட் முதலாளி, இந்தியப் படங்களை இறக்கி ஓட்டிக் காசு பார்த்தவர். மதராஸ் மசாலாவை எதிர்த்துக் கிளம்பிய லெஸ்டருக்கு, மதராஸ் மசாலா விற்ற காசில் 1960இல் அடுத்த படம் கிடைத்தது. பெயர் ‘சந்தேசய’. சரித்திரப் படம், தேசபக்திப் படம். போர்த்துக்கேயப் பறங்கியர் கோட்டை கட்டிக்கொண்டு ஊரை உருட்டுகிறார்கள், ஊரார் கொதித்தெழுந்து கோட்டையைத் தாக்குகிறார்கள்.

அந்தப் படத்தின் எழுத்தோட்டத்தைக் கொஞ்சம் நிறுத்தி வாசிக்க வேண்டும். பறங்கியை விரட்டும் படத்தை இயக்கியவர் பீரிஸ். போர்த்துக்கலில் பிரெஸ் என்று எழுதுகிற அதே பெயர். பக்க வேடத்தில் வந்து பிறகு சிங்களத் திரையின் ராசாவானவர் காமினி பொன்சேகா. லிஸ்பனில் கல்லெறிந்தால் ஒரு பொன்சேகாவின் தலையில்தான் விழும். கமரா பறங்கியரான பிளேக். பணம் யாழ்ப்பாணம். பறங்கியை நக்கலடித்து வந்த பாட்டு நாடெல்லாம் பிடித்துக்கொண்டது. இன்றும் கிரிக்கெட் பந்தலிலும் சுற்றுலா பஸ்ஸிலும் நாலு பேர் சேர்ந்தால் தட்டிப் பாடுவது அதைத்தான். ஆடவைக்கும் அந்தத் தாளம் எங்கேயிருந்து வந்தது? பைலா. அதைக் கப்பலில் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போனவனே பறங்கிதான்! தான் கொண்டுவந்த தாளத்திலேயே தன்னைத் திட்டுகிறார்கள் என்று தெரிந்தால் அவனும் இறங்கி ஆடியிருப்பான்.

படம் ஓடியது. தேசபக்தியும் காசு தரும் என்று எல்லோருக்கும் தெரிந்தது.

ஆனால் லெஸ்டர் மறுபடியும் பாட்டில்லாத, சண்டையில்லாத ஒரு படத்துக்குப் போனார். மார்ட்டின் விக்ரமசிங்கவின் நாவலான ‘கம்பெரளிய’. தென்மாகாணத்து வளவு ஒன்று ஓடு ஓடாகச் சரிகிற கதை. திரைக்கதை எழுதியவர் ரெஜி சிறிவர்தன, ஆங்கில விமர்சகர். படம் 1963இல் வந்தது. 1965இல் புதுடில்லி சர்வதேச விழாவில் தங்க மயிலைத் தூக்கிக்கொண்டு வந்தது. இந்திய சினிமாவிடமிருந்து தப்பி ஓடியவரைப் பிடித்து இருத்தி இந்தியா மயில் கொடுத்த கதை இது.

பிறகு காசியப்பன். 1970களின் நடுவில் பிரித்தானியத் தயாரிப்பாளர் கூட்டோடு ‘த கோட் கிங்’. சிகிரியாக் குன்றில் ஏறி உட்கார்ந்த அரசனின் கதை, ஆங்கிலத்தில். காசியப்பனாக லீ லோசன் என்ற நடிகர் வந்தார். 5ஆம் நூற்றாண்டு அரசன் கடைசியில் டைரக்டர் வீட்டு மொழியிலேயே பேசினான். சூளவம்சம் சொல்லும் கதை இது: மகன் காசியப்பன் தகப்பன் தாதுசேனனைப் பிடித்து, “புதையல் எங்கே?” என்று கேட்கிறான். கிழவன் தான் கட்டிய கலாவெவ வாவிக்குக் கூட்டிப்போய், இறங்கிக் குளித்து, தண்ணீரைக் கையில் அள்ளிக் காட்டி, இதுதான் என் சொத்து என்கிறான். மகனுக்குக் கோபம். தகப்பனைச் சுவரில் வைத்துப் பூசிவிடுகிறான். தம்பி முகலன் அக்கரைக்கு ஓடிப் படை திரட்டி வருகிறான். இலங்கைச் சரித்திரத்தில் அண்ணன் தம்பிச் சண்டை முற்றினால் பாக்குநீரிணையைத் தாண்டிப் போய் ஆள் பிடிப்பது ஊர் வழக்கம். போர்க்களத்தில் காசியப்பனின் யானை சேற்றைக் கண்டு ஒதுங்கித் திரும்ப, பின்னால் வந்த சேனை அரசன் ஓடுகிறான் என்று நினைத்து, அவனுக்கு முன்னால் ஓடிவிட்டது. யானையாவது சேற்றைக் கண்டு திரும்பியது. சேனை யானையின் வாலைக் கண்டே திரும்பியது. அரசன் தன் கழுத்தைத் தானே அறுத்துக்கொண்டான். படத்தின் வசூலும் அந்தச் சேனையின் வழியே போயிற்று.

அடுத்து 1978இல் ‘வீர புரன் அப்பு’. 1848 மாத்தளைக் கிளர்ச்சி. ஆளுநர் டொரிங்டன் பிரபு வந்து இறங்கியதும் வரி போட்டார். துவக்குக்கு வரி, வண்டிலுக்கு வரி, வள்ளத்துக்கு வரி, கடைக்கு வரி, நாய்க்கும் வரி. போதாததற்கு வருடத்தில் ஆறு நாள் வீதி வெட்ட வரவேண்டும், இல்லாவிட்டால் காசு கட்டவேண்டும். முன்னூறு வருடமாக மூன்று வெள்ளைக்காரரைச் சகித்த நாடு நாய் வரியில் பொங்கியது.

கண்டி ராச்சியத்தை மீட்கப் புறப்பட்டவர்களின் பெயர்களைப் பாருங்கள். தளபதி புரன் அப்புவின் முழுப்பெயர் வீரஹென்னதிகே பிரான்சிஸ்கோ பெர்னாண்டோ, ஊர் மொறட்டுவை. ஜூலைக் கடைசியில் தம்புள்ளை விகாரையில் கண்டிக்கு அரசனாக முடிசூட்டப்பட்ட கொங்காலேகொட பண்டாவின் இயற்பெயர் டேவிட். இந்த டேவிட்டும் பிரான்சிஸ்கோவும் மீட்க நினைத்த சிங்காசனத்தில் கடைசியாக இருந்தவர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன். அவருக்கு வீட்டில் வைத்த பெயர் கண்ணுசாமி, மதுரை நாயக்கர் வழி. ஆக, கண்ணுசாமியின் கதிரையை டேவிட்டுக்கு வாங்கிக்கொடுக்க பிரான்சிஸ்கோ போரிட்டான். இதற்குப் பெயர் தூய சிங்கள வரலாறு. கொட்டாஞ்சேனை ஜம்பட்டா வீதியில் ஒரு வீட்டுக் கலியாணத்துக்கு வந்தவர்களின் பட்டியல் என்று சொன்னாலும் நம்பியிருப்பேன்.

ஆங்கிலேயர் கிளர்ச்சியைச் சில நாட்களில் அடக்கினார்கள். ஓகஸ்ட் 8ஆம் திகதி கண்டியில் புரன் அப்புவைச் சுட்டார்கள். அவன் நின்ற நிமிர்வைக் கண்டு சுடச்சொன்னவர்களே மெச்சினார்கள். டேவிட்டை மலாக்காவுக்கு ஏற்றினார்கள். டொரிங்டனை லண்டன் திருப்பி அழைத்தது. நாய்கள் பிழைத்தன. படம் வந்த அதே 1978இல் நாட்டுக்குப் புதிய அரசியலமைப்பும் வந்தது. தம்புள்ளையில் டேவிட் கனவிலும் காணாத அதிகாரத்தை ஒரே மனிதருக்குக் கொடுத்தது. இம்முறை முடி மட்டும்தான் இல்லை.

நடுவில் ஒரு படத்தை வேண்டுமென்றே தள்ளிவைத்தேன். 1970களின் தொடக்கத்தில் வந்த ‘நிதானய’. அதில் மன்னரும் இல்லை, கோட்டையும் இல்லை. தயாரித்தவர் சிலோன் தியேட்டர்ஸின் அந்தோனிப்பிள்ளை. 1928இல் அந்தக் கொம்பனியைத் தொடங்கியவர் சேர் சிற்றம்பலம் ஏ. கார்டினர். அவர் பெயரிலுள்ள வீதியில்தான் ரீகல் படமாளிகை இன்றும் நிற்கிறது. கமரா எம். எஸ். ஆனந்தன்.

கதை இதுதான். பழைய வளவுக்காரன் ஒருவன், கடனில் மூழ்கியவன். முன்னோர் புதைத்துவைத்த புதையல் குன்றுக்குள் இருக்கிறது என்று ஏட்டில் வாசிக்கிறான். கழுத்தில் நாலு மச்சமுள்ள கன்னியைப் பலி கொடுத்தால் கதவு திறக்கும். அப்படி ஒருத்தியைத் தேடிப்பிடித்துக் கலியாணம் செய்கிறான். அவள் நல்லவள், அவனை நேசிக்கிறாள், வீட்டுக்கு விளக்காகிறாள். ஆனாலும் ஏடு ஏடுதானே. காமினி பொன்சேகா அவளைக் குன்றுக்குக் கூட்டிப்போகிற காட்சியில் சத்தமே பெரிதாக இல்லை. மாலினி பொன்சேகா புருஷனை நம்பிப் பின்னால் நடக்கிறார், கையில் பூசைத்தட்டு. வெட்டுகிறான். கதவு திறக்கவில்லை. உள்ளே இருந்தால்தானே திறக்க? நடந்ததையெல்லாம் எழுதிவைத்துவிட்டு அவன் தூக்கில் தொங்குகிறான்.

வெனிஸ் விழாவில் வெள்ளிச் சிங்கம் வாங்கிய படம். இலங்கையின் முதல் ஐம்பது வருடப் படங்களில் முதலாவது என்று 1997இல் தேர்ந்தெடுத்தார்கள். எனக்கு அது லெஸ்டரின் ஒரே உண்மையான சரித்திரப் படம். மற்றவற்றில் பறங்கியர் காலத்திலும் 1848இலும் நடந்ததைக் காட்டினார். இதில் பத்துச் சொச்சம் வருடம் கழித்து நடக்கப்போவதைக் காட்டிவிட்டார். பழைய ஏட்டில் வாசித்த புதையலுக்காகக் கூட வாழ்ந்தவளின் கழுத்தைப் பார்க்கிற நாடு அது.

1983 ஜூலையில், தமிழருக்கு எதிரான கலவரத்தில், வெள்ளவத்தை எரிந்தது. சிங்களப் படங்களை இயக்கிக்கொண்டிருந்த கே. வெங்கட் கொல்லப்பட்டார். ஹெந்தளையில் குணரத்தினத்தின் விஜயா கலையகத்துக்குத் தீ வைத்தார்கள். சரித்திர அறிவு அவ்வளவுதான். பறங்கியை விரட்டிய படத்துக்குப் பணம் போட்டவரின் கலையகத்தைத் தேசபக்தர்கள் கொளுத்தினார்கள். அங்கே வெந்த றீல்களில் பெரும்பாலானவை பேசியது சிங்களம். குணரத்தினம் அதற்குப் பிறகும் நாட்டை விட்டுப் போகவில்லை. 1989இல் துப்பாக்கிக்காரர் வந்து சுட்டார்கள். லெஸ்டரின் அந்த 1983ஆம் வருடப் படத்தின் பெயர் ‘யுகாந்தய’. பெயர் வைத்தவர் மார்ட்டின் விக்ரமசிங்க. குற்றம் அவரிலுமில்லை.

கானில் லெஸ்டரோடு போட்டியில் நின்ற வாய்தாவின் தகப்பன் போலந்து இராணுவ அதிகாரி. 1940இல் ஸ்டாலினின் ஆட்கள் சுட்டுக் கொன்ற ஆயிரக்கணக்கானவர்களில் ஒருவர். அதைச் செய்தது ஹிட்லர் என்று பள்ளிக்கூடப் புத்தகம் முதல் கல்லறைக் கல் வரை பொய் எழுதிவைத்திருந்தார்கள். வாய்தா தணிக்கைக்காரரோடு மல்லுக்கட்டி ‘சாம்பலும் வைரமும்’ எடுத்தார், ‘பளிங்கு மனிதன்’ எடுத்தார், 1981இல் ‘இரும்பு மனிதன்’ எடுத்துக் கானில் முதற்பரிசும் வாங்கினார். தகப்பனின் கதைக்கு மட்டும் 2007வரை காத்திருந்தார். ‘காத்தின்’ வந்தபோது அவருக்கு வயது 81. லெஸ்டர் 99 வயது வாழ்ந்து 2018இல் போனார். சுமார் இருபது படங்கள். வளவுகள் சரிவதை அவரைப்போல யாரும் காட்டியதில்லை. 1958 கலவரமும் 1983 கலவரமும் அவர் எந்தப் படத்துக்கும் நடுப்பொருளாகவில்லை. டிக்மன்ஸ் வீதியில் அவர் வாழ்ந்தார். அந்த வீதிக்கே இப்போது அவர் பெயர். அங்கிருந்து வெள்ளவத்தைப் புகையைப் பார்க்க மொட்டைமாடி ஏறத் தேவையில்லை.

சரி, அவரை விடுங்கள். நாங்கள் என்ன கிழித்தோம்?

1962இல் இலங்கையின் முதல் தமிழ்ப் படமான ‘சமுதாயம்’ வந்தது. இயக்கியவர் ஹென்றி சந்திரவன்ச. சிங்களவர். முதல் சிங்களப் படத்துக்குத் தமிழர் போட்ட மொய்யை வட்டியில்லாமல் திருப்பித் தந்துவிட்டுப் போனார். 1977இல் தர்மசேன பத்திராஜ யாழ்ப்பாணத்தில் இறங்கி, காவலூர் இராஜதுரையின் எழுத்தில் ‘பொன்மணி’ எடுத்தார். எங்கள் சாதியையும் சீதனத்தையும் எங்கள் முற்றத்திலேயே வைத்துக் காட்டினார். தமிழ்ச் சனம் போய்ப் பார்த்ததா? ‘ரேகாவ’வைப் பார்க்காமல் விட்ட சிங்களச் சனத்துக்கு நாங்கள் இளைத்தவர்களா? கெயிட்டி, செல்லமஹால் படமாளிகைகளில் எம்.ஜி.ஆருக்குக் கதவை உடைத்துக்கொண்டு நின்றோம். அதிலும் ஒரு வசதி. எங்கள் சோழ பாண்டிய வீரமெல்லாம் ஒரே உடம்பில் கண்ட அந்த மனிதர் கண்டிச் சீமையில் பிறந்த மலையாளி.

2012இல் பிரசன்ன விதானகே ஒரு தமிழ்ப் பெண்ணுக்கும் முன்னாள் இராணுவச் சிப்பாய்க்கும் நடுவில் கிடக்கும் யுத்தத்தைப் படமாக்கினார். சிப்பாயாக நடித்தவர் ஷ்யாம் பெர்னாண்டோ. கேட்கவேண்டுமா? 2014இல் அது சென்னையில் திரைக்கு வந்தபோது, சிங்களவன் படம் என்று மிரட்டி நிறுத்தினார்கள். நிறுத்தியவர்கள் படத்தைப் பார்க்கவில்லை. பார்க்காமல் தீர்ப்புச் சொல்வதில் இரு கரைக்கும் ஒற்றுமை உண்டு.

இதுவரை நடந்ததை வைத்து நானும் ஒரு சாத்திரம் சொல்கிறேன். 1983 ஜூலையின் வெள்ளவத்தையைச் சரியாக எடுக்கப்போகிறவர் வெள்ளவத்தைக்காரராக இருக்கமாட்டார். மொறட்டுவைப் பக்கத்தில் இப்போது கணக்கில் கோட்டைவிட்டுக்கொண்டிருக்கும் ஏதோ ஒரு மென்டிஸோ சில்வாவோ. தமிழில் அவருக்கு ‘சாப்பிட்டாச்சா’ மட்டும் தெரியும். முதல் காட்சிக்கு இரண்டு பக்கத்து ஆட்களும் பதாகையோடு நிற்பார்கள். பணத்துக்கு மட்டும் கவலை இல்லை. காலி வீதி நகைக்கடை வரிசையில் எங்கள் முதலாளிமார் இன்றும் இருக்கிறார்கள், பரம்பரைக் குணம் போகாது, கேட்டால் கொடுப்பார்கள். கொடுக்குமுன் ஒரு கேள்வி மட்டும் கேட்பார்கள்: “தம்பி, படத்தில் பாட்டு எத்தனை?”